தங்கட்டும் என்றொரு பெயர்

துருக்கியில் எழுபது வயதைத் தாண்டிய ஒருவர் தன் பெயர் துர்சுன் என்று சொன்னால், அவர் பிறப்பதற்கு முன்னால் அந்த வீட்டில் ஒரு குழந்தையாவது இறந்திருக்கும் என்று யூகிக்கலாம். யூகம் பெரும்பாலும் பலிக்கும். பேரனுக்குத் தாத்தா பெயரை வைக்கும் வழக்கம் அங்கும் உண்டு. அப்படி வந்து சேர்ந்த துர்சுன்களும் இருக்கிறார்கள். ஆனால் அந்தப் பெயரைப் பிடித்துக்கொண்டு தலைமுறை தலைமுறையாகப் பின்னால் போனால், எங்கோ ஓரிடத்தில் ஒரு தாய் பச்சைக் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, இதுவாவது தங்கட்டும் என்று வேண்டியிருப்பாள். அந்த வேண்டுதலே பெயராகிவிட்டது.

'துர்' என்றால் நில், இரு. அதனோடு 'சுன்' சேர்ந்தால் நிற்கட்டும், இருக்கட்டும். நம் வீடுகளில் பெரியவர்கள் குரலைத் தாழ்த்தி, "அவளுக்குப் பிள்ளை தங்கலை" என்பார்களே, அந்தத் தங்குதல்தான் இது. 'துர்' என்று மட்டும் பெயர் வைத்திருந்தால் குழந்தையிடம் "இரு" என்று கேட்டதாக ஆகியிருக்கும். துர்சுன் குழந்தையிடம் கேட்பதல்ல. குழந்தையின் தலைக்கு மேலே, அதை அனுப்பியவனிடம், அல்லது அழைத்துப்போக வருபவனிடம் கேட்பது. தெருவில் விளையாடும் பையனைச் சாப்பிடக் கூப்பிடும்போதும், பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவு எடுக்கும்போதும் அந்த விண்ணப்பம் ஒருமுறை மறுபடி சொல்லப்படுகிறது. சொல்கிறவர்களுக்கே அது நினைவில் இருக்காது. பெற்றவளுக்கு மட்டும் இருக்கும்.

துருக்கியர் பேச்சில் இந்த 'சுன்' நாள் முழுக்க ஒலிக்கும். உடம்பு சரியில்லாதவரைப் பார்த்தால் "கெச்மிஷ் ஒல்சுன்", அதாவது கடந்துபோனதாக ஆகட்டும். வேலை செய்துகொண்டிருப்பவரைக் கடந்து போனால் "கொலாய் கெல்சின்", சுலபமாக வரட்டும். துக்க வீட்டில் "பாஷினிஸ் சாக் ஒல்சுன்", உங்கள் தலை நலமாக இருக்கட்டும். புதிதாகப் பெயர் வைத்த குழந்தையைப் பார்க்கப் போனால் "அதிய்லா யஷாசின்", பெயரோடு வாழட்டும். ஒரு கிராமத்துத் தாய் இரண்டு மூன்று ஆண்டு இடைவெளியில் துக்கத்துக்கான சொல்லையும் பெயர்சூட்டுக்கான சொல்லையும் அதே அக்கம்பக்கத்தாரிடமிருந்து கேட்டிருப்பாள். இரண்டுக்கும் நடுவில், அவளும் அவள் வீட்டாரும் தாங்களே சொன்ன ஒன்று துர்சுன்.

பெயர் சூட்டுவது எளிய சடங்குதான். வீட்டுப் பெரியவரோ இமாமோ குழந்தையைக் கையில் ஏந்தி, தொழும் திசையான கிப்லாவை நோக்கித் திரும்பி, வலது காதில் பாங்கும் இடது காதில் இகாமத்தும் சொல்லி, பிறகு பெயரை மூன்று முறை காதுக்குள் சொல்வார். நம் முஸ்லிம் வீடுகளிலும் பாங்கு சொல்லிப் பெயர் வைப்பது தெரிந்ததே. ஓர் உயிர் முதன்முதலாகக் கேட்கும் சொற்களில் ஒன்று "தங்கட்டும், தங்கட்டும், தங்கட்டும்" என்று இருக்குமானால், அந்த அறையில் நின்றிருந்தவர்களின் மனம் என்ன நிலையில் இருந்திருக்கும் என்பதை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வதுண்டு.

பயத்துக்குக் காரணம் இருந்தது. 1960-ஐ ஒட்டிக்கூட துருக்கியில் பிறந்த 1000 குழந்தைகளில் 150-க்கும் மேற்பட்டவை முதல் பிறந்தநாளைப் பார்க்கவில்லை. அனடோலியாவின் கிழக்கே பனிக்காலத்தில் மாதக்கணக்கில் வழி அடைந்துபோகும். அம்மை, வயிற்றுப்போக்கு, நிமோனியா, தொப்புள்கொடி வழியே ஏறும் இசிவு என்று வந்ததெல்லாம் குழந்தைகளைத்தான் முதலில் தூக்கிக்கொண்டு போனது. மருத்துவர் இல்லாத இடத்தில் நாற்பது நாள் காவலும் செந்துணியும் இரும்பும்தான் மருந்து. பிள்ளை பெற்றவளையும் குழந்தையையும் நாற்பது நாள் தனியே விடமாட்டார்கள். 'அல் கரிசி' என்கிற செம்முடிப் பேய் வந்து இருவரையும் அமுக்கிவிடும் என்று நம்பினார்கள். தலைமாட்டில் சிவப்பு நாடா கட்டுவார்கள், தலையணைக்கடியில் கத்தரிக்கோலோ ஊசியோ வைப்பார்கள். இதை அறியாமை என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. நாற்பது நாள் ஒரு பெண்ணோடு யாராவது இருந்தார்கள் என்பதே பெரிய காரியம்.

இந்தப் பயத்திலிருந்து ஒரு பெயர்க் கூட்டமே பிறந்திருக்கிறது. துர்முஷ் என்றால் தங்கிவிட்டவன். துருக்கியின் மத்திய வங்கிக்கு 2006 முதல் 2011 வரை ஆளுநராக இருந்தவர் பெயர் துர்முஷ் யில்மாஸ். யஷார் என்றால் வாழ்பவன். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் மல்யுத்தத் தங்கம் வென்ற யஷார் தோவு அந்நாட்டின் பெருமை. சத்தில்மிஷ் என்றால் விற்கப்பட்டவன். பிள்ளை தங்காத வீட்டில், பிறந்ததை ஒரு தர்காவுக்கு நேர்ந்து 'விற்று'விடுவார்கள். அல்லது பிள்ளைகள் நன்றாகத் தங்கிய வீட்டுக்காரிக்குச் சும்மா ஒரு காசுக்கு விற்றதாகப் பேசி முடிப்பார்கள். இனி இது எங்கள் பிள்ளை இல்லை, எங்கள் வீட்டைத் தேடி வராதே என்று மரணத்துக்குச் சொல்வது அது.

தமிழருக்கு இதை விளக்கவே வேண்டாம். குப்பையில் கிடத்தி எடுத்ததால் குப்பன், குப்புசாமி. யாசித்துப் பெற்றதாகப் பிச்சை. தவிட்டுக்கு விற்று வாங்கியதால் தவிட்டான். மூக்குக் குத்தியதால் மூக்கன். பெண்ணாகவே பிறந்தால் இங்கே போதும்பொண்ணு, அங்கே யெத்தர். அதற்கும் போதும் என்றே பொருள். பிள்ளையைப் பறிகொடுத்த மனம் ஊருக்கு ஊர் ஒரே மாதிரிதான் வேலை செய்திருக்கிறது. ஆனால் குப்பனும் சத்தில்மிஷும் மரணத்தை ஏமாற்றப் பார்க்கும் பெயர்கள்: இது மட்டமான பிள்ளை, இது என் பிள்ளையே இல்லை. துர்சுன் எதையும் மறைக்கவில்லை. இது என் பிள்ளை, எனக்கு வேண்டும், இருக்கட்டும் என்று நேராகக் கேட்கிறது. எனக்கு இந்தப் பெயர்மேல் இவ்வளவு பிடிப்பு வந்தது அந்த நேர்மையால்தான்.

துருக்கியை விட்டுக் கிழக்கே போனாலும் பெயர் கூடவே வருகிறது. உஸ்பெக்குகளிடமும் உய்குர்களிடமும் அதன் முதல் ஒலி மட்டும் சற்று வலுக்கிறது. பாரசீக மொழி பேசும் தாஜிக்குகள்கூட அதை எடுத்துக்கொண்டார்கள். அவர்களுடைய பெருங்கவி மிர்ஸோ துர்சுன்சாதாவின் (1911–1977) பெயருக்கு, துர்சுன் வீட்டுப் பிள்ளை என்று பொருள். கிர்கிஸ்தானில் இதையே 'தொக்தோ' என்ற சொல்லால் கேட்கிறார்கள். அங்கே 1864-இல் பிறந்த பாணன் தொக்தோகுல் சத்தில்கானொவ். மூன்று தந்தி கோமுஸை மீட்டிப் பாடியவர். 1898 ஆந்திஜான் கலகத்தில் பங்குண்டு என்று குற்றம் சாட்டப்பட்டு சைபீரியாவுக்கு நாடுகடத்தப்பட்டவர். தொக்தோ என்றால் நில், தங்கு. அப்பா பெயர் சத்தில்கான், விற்கப்பட்டவன். ஒரே மனிதரின் பெயரில் இரண்டு தலைமுறையின் பயம் அடுத்தடுத்து நிற்கிறது. கிர்கிஸ்தானின் 100 சோம் தாளில் அவர் முகம் இருக்கிறது. தாஜிகிஸ்தானின் 1 சோமொனி தாளில் துர்சுன்சாதா.

துருக்கியரின் பழங்கதைத் தொகுதியான தெதே கோர்குத்தில் பெயர் வைக்கும் முறையே வேறு. வீரம் ஒன்றைச் செய்து காட்டாத பையனுக்குப் பெயர் கிடையாது. திர்ஸே கானின் மகன் பதினைந்து வயதில் மூர்க்கமான காளையொன்றை மைதானத்தில் மடக்கிக் கொன்ற பிறகுதான் கோர்குத் பெரியவர் வந்து போவாச் என்று பெயர் சூட்டுகிறார். போவா என்றால் காளை. அழகான கதைதான். ஆனால் பதினைந்து வயதுவரை காத்திருக்க முடியும் என்ற நம்பிக்கை வேண்டும் அதற்கு. அந்த நம்பிக்கை போய்விட்ட குடிசைகளில், எதையும் சாதிக்காத, இன்னும் கண்கூடச் சரியாகத் திறக்காத குழந்தைக்கு வைத்த பெயர் துர்சுன். இரண்டில் எது பெரிய பெயர் என்று என்னைக் கேட்டால் யோசிக்காமல் சொல்வேன்.

இந்தப் பெயரை நான் நெருங்கிப் பார்த்தது ஜெர்மனியில், உடன் வேலை பார்த்த ஒரு நண்பர் மூலம். கருங்கடல் ஓரத்து கிரேசுன் பக்கம்; குடும்பத்துக்கு ஹேசல்நட் தோட்டம். அவருடைய தாத்தாவை ஊரே துர்சுன் அலி என்று கூப்பிட்டது. தாத்தா காலமானபின் வாரிசு வேலைக்காக நண்பர் குடிமைப் பதிவு அலுவலகத்திலிருந்து குடும்பப் பதிவின் நகலை வாங்கி வந்து காட்டினார். அதில் துர்சுன் என்ற சொல்லே இல்லை. அலி என்று மட்டும் இருந்தது. பிறந்த தேதி ஜனவரி 1. தாத்தாவோ ஹேசல்நட் பறிக்கும் ஆகஸ்டு மாதத்தில், தோட்டத்திலேயே வலியெடுத்துப் பிறந்தவர் என்பது வீட்டுக் கதை.

அப்புறம்தான் நண்பர் விளக்கினார். அலி என்பது தாத்தாவுக்கு முன் பிறந்த அண்ணன். இரண்டு வயது ஆகுமுன் இறந்துவிட்டான். அவனைப் பதிவுசெய்திருந்தார்கள், இறப்பைப் பதியவில்லை. மலையிலிருந்து இறங்கி, ஒரு நாளைத் தொலைத்து, அதிகாரி முன் நின்று, என் பிள்ளை செத்துவிட்டது என்று எழுதிக்கொடுக்க எந்தத் தகப்பனுக்குக் கால் வரும்? அடுத்தவன் பிறந்ததும் அண்ணனின் தாளிலேயே தம்பி வளர்ந்தான். பள்ளிக்கூடம், பட்டாளம், கல்யாணம் எல்லாம் அலியின் பெயரில், அலியின் வயதில். காதில் ஓதிய பெயர் மட்டும் துர்சுன். அவர்களுக்கும் முன்னால் போன இரண்டு பெண் குழந்தைகள் எந்தத் தாளிலும் இல்லை. அத்தைகள் இருவர் இருந்தார்கள் என்று பெயர் தெரியாமலே அந்த வீட்டில் இன்னமும் சொல்கிறார்கள்.

இது ஒரு குடும்பத்துக் கதை மட்டுமல்ல. இறந்த குழந்தையின் பதிவை அடுத்ததற்குப் பயன்படுத்துவது அனடோலியக் கிராமங்களில் சர்வசாதாரணமாக நடந்தது. நிஜ வயது ஒன்று, அடையாள அட்டை வயது ஒன்று என்று இரண்டோடு வாழ்ந்தவர்கள் ஏராளம். வயதைத் திருத்தக் கோரும் வழக்குகள் துருக்கி நீதிமன்றங்களுக்குப் பழக்கமானவை. எழுத்தாளர் அஜீஸ் நெசின் 1977-இல் நாவலாக வெளியிட்ட யஷாரின் கதையும் இந்த மண்ணில் முளைத்ததே. வாழ்பவன் என்று பெயர் கொண்டவனைப் பதிவேடு இறந்தவன் என்கிறது. வரிக்கும் பட்டாளத்துக்கும் மட்டும் அவனை உயிரோடு இருப்பவனாக எடுத்துக்கொள்கிறது. மக்கள் சிரித்துச் சிரித்துப் படித்த புத்தகம். அதன் அடியில் கிடக்கும் துயரம் அவர்கள் வீட்டுத் துயரம் என்பதால்தான் அவ்வளவு சிரித்தார்கள் என்று எனக்குத் தோன்றும்.

கருங்கடல் பகுதி நகைச்சுவைத் துணுக்குகளில் தெமெல், துர்சுன், ஃபாதிமே மூவரும் நிரந்தரப் பாத்திரங்கள். துர்சுன் என்றாலே தெமெலின் வெகுளிக் கூட்டாளி என்று நகரத்துப் பிள்ளைகள் நினைத்துக்கொள்ளும் அளவுக்கு அந்தத் துணுக்குகள் பரவிவிட்டன. வகுப்பில் அந்தப் பெயருக்காகக் கேலி பட்டவர்கள் உண்டு. ஒரு தாயின் மன்றாட்டு அப்படிக் கேலிப்பொருள் ஆனதில் எனக்கு வருத்தம் இருக்கிறது.

பெயர் அருகி வருவதில் வருத்தம் இல்லை. 1961-இல் துருக்கி பொதுச் சுகாதாரத்துக்கென 224-ஆம் எண் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1963-இல் கிழக்கே வறுமைமிக்க முஷ் மாகாணத்தில்தான் அதைத் தொடங்கினார்கள். கிராமங்களுக்குச் செவிலியும் மருத்துவச்சியும் போனார்கள். 1985-இல் நாடு முழுக்கத் தடுப்பூசி இயக்கம் நடந்தபோது ஆசிரியர்களும் இமாம்களும் வீடு வீடாகச் சொல்லிக் குழந்தைகளைத் திரட்டினார்கள். காதில் துர்சுன் என்று ஓதிய அதே இமாம்கள். இன்று 1000 பிறப்புக்கு ஏறத்தாழ 10 சிசு மரணங்கள். இப்போது பையன்களுக்கு, 1071-இல் மன்சிகர்ட் போரில் வென்ற சுல்தான் அல்ப்அர்ஸ்லான் போன்றோரின் பெயர்களைத் தேடி வைக்கிறார்கள். வீரப்பெயரைத் தேட அவகாசம் கிடைத்திருக்கிறது.

நண்பருக்கு மகன் பிறந்தபோது, தாத்தா பெயரையே வைக்கவேண்டும் என்று ஊரிலிருந்து அவர் அப்பா ஆசைப்பட்டார். நண்பருக்கும் அரைச் சம்மதம். பாட்டி, துர்சுன் அலியோடு ஐம்பது ஆண்டுக்கு மேல் வாழ்ந்தவர், போனிலேயே மறுத்துவிட்டார். "அந்தப் பேரு என் மாமியார் அழுது கேட்டு வாங்கினது. கேட்டது கிடைச்சிருச்சு. இவன் அம்மாவுக்கு அப்படிக் கேட்க என்ன வந்துது?" என்றாராம். நண்பரின் மனைவி அதற்குப் பிறகு பேச்சை வளர்க்க விடவில்லை. பையனுக்கு டெனிஸ் என்று பெயர் வைத்தார்கள். கடல் என்று பொருள். ஜெர்மன்காரர்கள் வாயிலும் தடங்கலில்லாமல் நுழைகிறது என்று நண்பருக்குத் திருப்தி.