ஒரே நாளில் மூணு ஊர்

அம்மாவுக்கு முட்டிவலி. அதனால் ரயிலை விட்டுவிட்டு, காரும் வழிகாட்டியுமாக ஒரு நாள் எடுத்தோம்: டெல்ஃப்ட், ஹேக், ராட்டர்டாம். செலவு என் ஒரு மாத மளிகைக் கணக்கு. சரி, போகட்டும்!

டெல்ஃப்ட் ஓவியர் வெர்மீரின் சொந்த ஊர். ஆனால் அவர் வரைந்த மூல ஓவியம் ஒன்றுகூட அங்கே கிடையாது. அவர் டெல்ஃப்டையே வரைந்த படத்தைப் பார்க்க ஹேக்கில் இருக்கும் மவுரிட்ஸ்ஹவுஸுக்குத்தான் போகவேண்டும். அங்கே முத்துத் தோட்டுப் பெண்ணைச் சுற்றி ஒரே கூட்டம். அம்மா அவளைக் கண்டுகொள்ளவே இல்லை. "காலைல பார்த்த சர்ச் கோபுரம்தானே இது?" என்று டெல்ஃப்ட் படத்தின் முன்னால் நின்றுவிட்டார். அதேதான்.

அதுவரை தேதிகளாக ஒப்பித்து வந்த வழிகாட்டி ராட்டர்டாமில் குரலைத் தாழ்த்தினார். 1940 மே 14 அன்று ஜெர்மன் விமானங்கள் கால் மணி நேரத்துக்குள் நகரின் நடுப்பகுதியை அழித்துவிட்டன. அதன் நினைவாக சாட்கின் செய்த சிலை, நெஞ்சிருக்கும் இடத்தில் ஓட்டையோடு, வானத்தைப் பார்த்துக் கைகளைத் தூக்கி நிற்கிறது. தன் பாட்டி வீடும் அன்று போயிற்று என்றார்.

"பாட்டி பிழைச்சாங்களான்னு கேளுடா."

கேட்டேன். பிழைத்தாராம். அடுத்து கனசதுர வீடுகள் பார்க்கவேண்டும். அம்மா ஃப்ளாஸ்கைத் திறந்து முதல் காபியை அவருக்கு ஊற்றினார்.