பெயர் மட்டும் ஓடும் கலை

எங்கள் கம்பம் பள்ளத்தாக்கில் சினிமாப் பெருமை பேசாத வீடு ஏது? அல்லிநகரத்து பாரதிராஜா, பண்ணைப்புரத்து இளையராஜா, வடுகபட்டியில் வளர்ந்த வைரமுத்து என்று சிறு பிள்ளையும் விரல் மடக்கிச் சொல்லும். ஆனால் படத்தின் தொடக்கத்தில் ‘படத்தொகுப்பு’ என்று ஒரு வரி ஓடுகிறதே, அதை யார் நின்று படிக்கிறார்கள்?

பத்தாம் வகுப்பு மாணவியராகிய நாங்கள் இவ்வாண்டு அதைப் படித்தோம். காரணம், எங்கள் தோழி ஒருத்தி. “நான் எடிட்டராகப் போகிறேன்” என்று அவள் சொன்னதும் வகுப்பே சிரித்தது. அவள் அப்பாவோ சிரிக்கவில்லை. சினிமா என்ற பேச்சைக் கேட்டவுடன், பத்தோடு படிப்பை நிறுத்திவிடுவதாகச் சொல்லிவிட்டார்.

அவளுக்காக நாங்கள் தேடியபோது முதலில் கிடைத்த பெயர் லெனின். ருஷ்யப் புரட்சியின் தலைவர் அல்லர், நம் தமிழ்த் திரையுலகின் பி. லெனின்! 1961ஆம் ஆண்டிலேயே ‘பாசமலர்’, ‘பாவமன்னிப்பு’, ‘பாலும் பழமும்’ ஆகிய படங்களைத் தந்த இயக்குநர் ஏ. பீம்சிங்கின் மகன் இவர். அந்த பீம்சிங்கும் கிருஷ்ணன்–பஞ்சு இருவரிடம் உதவிப் படத்தொகுப்பாளராக இருந்து மேலே வந்தவர்தாம். மகேந்திரனின் ‘உதிரிப்பூக்கள்’ (1979) லெனின் தொகுத்தது. வி. டி. விஜயனுடன் இணைந்து ‘நாயகன்’ (1987) முதலிய பல படங்களைத் தொகுத்தார். ‘காதலன்’ (1994) படத்துக்காக இருவரும் தேசிய விருது பெற்றனர். அத்துடன் நிற்கவில்லை. ஜெயகாந்தன் கதையான ‘ஊருக்கு நூறுபேர்’ (2001) படத்தை இயக்கி, சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதையும் பெற்றார். வெட்டத் தெரிந்தவருக்கு எடுக்கவும் தெரியும் போலும்!

இந்த வேலைதான் என்ன? படச்சுருள் இருந்த காலத்தில் ஒரு வினாடிக்கு 24 படங்கள் ஓடின, ஒரு நிமிடத்துக்கு 90 அடி. இரண்டரை மணி நேரப் படம் என்றால் 13,500 அடி! எடுத்ததோ அதைப்போலப் பல மடங்கு. அத்தனையையும் ஓட்டிப் பார்த்து, வேண்டாததைக் கழித்து, வேண்டியதைக் கோத்துத் தருபவரே எடிட்டர். இப்போது கத்தரிக்கோலும் பசையும் போய்க் கணிப்பொறி வந்துவிட்டது. எதை வைப்பது, எதை விடுவது என்ற யோசனை மட்டும் மனிதருடையதே.

இதைக் கலையென்று உலகுக்கு உரக்கச் சொன்னவர்கள் சோவியத் நாட்டவர். 1920ஐ ஒட்டிய ஆண்டுகளில் லெவ் குலெஷோவ் என்பவர் ஒரு வேடிக்கை செய்தார். எந்த உணர்ச்சியும் காட்டாத ஒரு நடிகரின் முகத்தை எடுத்து, ஒருமுறை அதன் பக்கத்தில் சூப் கிண்ணத்தை ஒட்டினார். மறுமுறை சவப்பெட்டியை ஒட்டினார். முகம் ஒன்றே. பார்த்தவர்களோ முதலில் பசியையும் பிறகு துக்கத்தையும் கண்டு, என்ன நடிப்பு என்று வியந்தார்களாம்.

அந்நாட்டில் பெண்களும் இத்தொழிலில் இருந்தனர் என்பதுதான் எங்களுக்குத் தித்தித்த செய்தி. 1900இல் மாஸ்கோவில் பிறந்த எலிசவேத்தா ஸ்விலோவா, எங்களைவிடச் சிறியவராக, 12 வயதிலேயே ஒரு படக்கூடத்தில் சேர்ந்தார். படச்சுருள்களைத் துடைப்பதும் தரம் பிரிப்பதும் அவர் வேலை. 14 வயதில் பாத்தே நிறுவனத்தில் வெட்டி ஒட்டும் பணி. பின்னர் தம் கணவர் சீகா வெர்த்தோவின் ‘மூவி கேமராவுடன் ஒரு மனிதன்’ (1929) படத்தைத் தொகுத்தார். ஹிட்லரின் ஆஷ்விட்ஸ் கொலைமுகாம் 1945இல் விடுவிக்கப்பட்டபோது எடுத்த காட்சிகளையும் அவரே தொகுத்தார். அந்தக் கொடுமைகளைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்க்க எவ்வளவு மனத்திடம் வேண்டியிருந்திருக்கும்!

இவ்வளவையும் நோட்டில் எழுதிக்கொண்டு ஒரு சனிக்கிழமை நாங்கள் நால்வர் போடியில் உள்ள தோழியின் வீட்டுக்குப் போனோம். அவள் அப்பா ஏலக்காய்க் கடையில் கணக்கெழுதுபவர். அம்மா காய்களைத் தரம் பிரிக்கும் வேலைக்குப் போகிறவர். சென்னைத் தரமணியிலுள்ள அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் படத்தொகுப்பு கற்பிக்கிறார்கள், அதில் சேரப் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருக்க வேண்டும் என்றோம். ஸ்விலோவாவின் கதையையும் சொன்னோம்.

“தொடச்சுத் தரம் பிரிக்கிறதா? அது நம்ம வேலைதான” என்றார் அம்மா.

அப்பா வெகுநேரம் பேசவில்லை. பிறகு, “அம்புட்டு வேல பாத்த பொம்பளைக்குப் பேரையாச்சும் போட்டாகளா?” என்று கேட்டார்.

“போட்டாங்கப்பா. படத்துக்குள்ளேயே அவங்க மேசையில உக்காந்து வேலை செய்யிறதையும் காட்டியிருக்காங்க” என்றோம்.

“சரி, பன்னெண்டு முடிக்கட்டும். அப்புறம் பாக்கலாம்.”

அம்மா எங்களுக்குக் காப்பி போட எழுந்து போனார்.