வாயில் பறி

தமிழ் சினிமாப் பேய்களுக்குப் பங்களாதான் பிடிக்கும். கடலில் குடியேறிய பேய் குறைவு. அதனால் கமல் பிரகாஷ் இயக்கி, ஜி.வி. பிரகாஷ் குமார் நடித்த 'கிங்ஸ்டன்' 2025 மார்ச்சில் வந்தபோது என் மாணவிகள் ஆர்வமாகப் பார்த்தார்கள். தூத்துக்குடிப் பக்கம் ஒரு கற்பனைக் கிராமம். செத்துப்போன ஒருவரின் சாபத்தால் கடலுக்குள் போகிறவர்கள் பிணமாகத் திரும்புகிறார்கள். ஊர் தொழிலை விட்டு ஒடுங்கிக் கிடக்கிறது. நாயகன் துணிந்து படகை எடுக்கிறான். பிறகு இருட்டு, அலை, கிராபிக்ஸ். நாயகி இருக்கிறாள், ஆனாலும் அது அவனுடைய கடல்.

கையில் பெரிய பணமில்லாமல் கடல் பூதம் காட்டுவது பழைய பிழைப்பு. ஹாலிவுட்டின் ராஜர் கோர்மன் முதன்முதலில் தயாரித்த படமே அப்படி ஒன்றுதான்: 1954இல் வந்த 'மான்ஸ்டர் ஃப்ரம் தி ஓஷன் ஃப்ளோர்'. பூதத்துக்கு ஒற்றைக் கண். பொம்மை என்று குழந்தைக்கும் தெரியும். ஆனால் அந்த மட்டமான படத்தில் எனக்குப் பிடித்த சங்கதி உண்டு. மெக்சிகோக் கரைக்கு விடுமுறையில் வந்த ஜூலி என்ற ஓவியர், கடலில் ஏதோ இருக்கிறது என்று விடாமல் சொல்கிறாள். கடல் ஆராய்ச்சியாளனான காதலன் நம்புவதில்லை. அவளே தண்ணீரில் இறங்கித் தேடுகிறாள். கடைசியில் குட்டி நீர்மூழ்கியால் பூதத்தின் கண்ணைக் குத்துவதென்னவோ அவன்தான். அதை அவளுக்குக் கொடுக்க அவர்களுக்கு மனசு வரவில்லை. இன்னொன்று, அந்தப் பூதத்துக்குக் காரணம் சாபமல்ல. பிகினித் தீவில் அமெரிக்கா நடத்திய அணுகுண்டுச் சோதனையோடு படம் அதை முடிச்சுப் போடுகிறது.

இதை வகுப்பில் சொன்னபோது எண்ணூர்க் கழிமுகப் பக்கத்திலிருந்து வரும் மாணவி ஒருத்தி, "எங்க அம்மாவும் பாத்தாங்க மேம்" என்றாள்.

2023 டிசம்பர். மிக்ஜாம் புயல் மழையோடு மணலிப் பக்கமிருந்து கச்சா எண்ணெய் பக்கிங்ஹாம் கால்வாயில் இறங்கி, கொசஸ்தலை ஆற்றில் பரவி, கழிமுகத்தை மூடியது. அவள் அம்மா கையால் இறால் பிடிப்பவர். அங்குள்ள இருளர் பெண்கள் பலருக்கும் அதுதான் தொழில். படகில்லை, வலையில்லை. தண்ணீருக்குள் உட்கார்ந்தபடி நகர்ந்து, சேற்றை இரண்டு கையாலும் துழாவி, அகப்பட்டதைப் பறியில் போடவேண்டும். பறி பனையோலைக் கூடை. அதன் விளிம்பைப் பல்லால் கவ்வியிருப்பார்கள்.

"படத்துல வர்ற மாதிரி எங்க அம்மா கத்தியிருக்க முடியாது மேம். வாயில பறி இருந்திருக்கும்."

சிலர் சிரித்தார்கள். பிறகு நிறுத்திக்கொண்டார்கள். பெண்ணின் அலறல் இல்லாமல் உலகத்தில் எந்தப் பேய்ப்படமும் ஓடியதில்லை.

அரசு நிவாரணம் அறிவித்தது: 2,301 மீனவக் குடும்பங்களுக்குத் தலா 12,500 ரூபாய், 787 படகுகளுக்குத் தலா 10,000, பாதிப்புக்குள்ளான வேறு 6,700 குடும்பங்களுக்குத் தலா 7,500. குடும்பம் ஒரு கணக்கு, படகு ஒரு கணக்கு. பறி படகில்லை. மீனவப் பெண் என்றதும் நமக்குக் கரையில் மீன்கூடையோடு உட்கார்ந்திருப்பவள்தானே நினைவுக்கு வருகிறாள்? நான் பாடம் நடத்தும் நெய்தல் பாட்டுகளிலும் பரதவர் மகள் காயும் மீனைப் பறவைகள் கொத்தாமல் காவல் காப்பாள். வலை அப்பாவுடையது. தண்ணீருக்குள் உட்கார்ந்து மீன் பிடிக்கிறவளுக்கு இத்தனை வருடம் தமிழ் படித்த என்னிடமே ஒரு தனிச்சொல் இல்லை.

அந்த எண்ணெயில் இறங்கியதில் கை, கால் முழுக்கக் கொப்புளம். அம்மா சில மாதம் தொழிலுக்குப் போகவில்லை. இப்போது கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு கம்பெனிக்குத் துப்புரவு வேலைக்குப் போகிறார். விடியுமுன் வேன் வந்துவிடும். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் கழிமுகத்துக்கு.

இப்போது தண்ணீர் எப்படி இருக்கிறதென்று கேட்டேன்.

"மேல தெளிவாதான் இருக்கு மேம். கீழ சேத்துல இன்னும் இருக்குன்னு அம்மா சொல்றாங்க. கைய வெச்சா வழுவழுன்னு வருதாம். அப்பாவே நம்ப மாட்டேங்கறாரு."