விதியை நெய்கிறவர்களுக்குக் கோயில் இல்லை

காசி கால பைரவர் கோயிலுக்குப் போகிறவர்கள் கறுப்புக் கயிறு வாங்காமல் திரும்புவது அபூர்வம். தமிழ்நாட்டுக்கு வந்து சேரும்போது அதற்குக் காசிக் கயிறு என்று பெயர். காலத்துக்கு அதிபதியான பைரவர்தான் இந்த நகரத்தின் கொத்வால். அவர் உத்தரவு இல்லாமல் யாரும் இங்கே தங்க முடியாது என்பது ஐதீகம். மயில்பீலிக் கட்டால் என் முதுகில் ஒரு தட்டுத் தட்டி, மணிக்கட்டில் கயிற்றை இறுக்கினார் பூசாரி. விதியை ஒரு நூலால் கட்டிவிடலாம் என்ற நம்பிக்கை எவ்வளவு பழையது!

மகாபாரதத்திலேயே அது இருக்கிறது. ஆதி பர்வத்தில், திருடு போன குண்டலங்களைத் தேடி நாகலோகம் போகிறான் உதங்கன். அங்கே இரண்டு பெண்கள் தறியில் கறுப்பு நூலும் வெள்ளை நூலும் கோத்து நெய்துகொண்டிருக்கிறார்கள். பக்கத்தில் ஆறு சிறுவர்கள் ஒரு சக்கரத்தைச் சுழற்றுகிறார்கள். திரும்பி வந்ததும் குரு விளக்கம் சொல்கிறார்: பெண்களின் பெயர் தாதா, விதாதா (பம்பாய் தாதாக்களுக்கும் இவர்களுக்கும் சம்பந்தம் இல்லை). நூல்கள் இரவும் பகலும். சிறுவர்கள் ஆறு பருவங்கள். சக்கரம் வருஷம்.

சந்துக்குச் சந்து கோயில் உள்ள காசியில் இந்த இரண்டு பெண்களுக்குக் கோயில் உண்டா என்று பூசாரியிடம் கேட்டேன். சிரித்தார். "தறி பார்க்க வேண்டுமானால் மதன்புராவுக்குப் போங்கள்."

கோதௌலியா சந்தடியைத் தாண்டிக் கொஞ்ச தூரம் நடந்தால் மதன்புரா. முஸ்லிம் நெசவாளர்களின் பேட்டை. குறுகிய படி இறங்கிப் போன அறையில் ஒரே ஒரு விளக்கு. குழித்தறியில் கால்களைத் தொங்கவிட்டு உட்கார்ந்திருந்தவருக்கு எழுபது வயதிருக்கும். எல்லோரும் கூப்பிடுவதுபோல் நானும் 'சாச்சா' என்றேன். அவர் தலைக்கு மேலே ஜக்கார்டு பெட்டி. அதிலிருந்து துளையிட்ட அட்டைகள் சங்கிலியாகத் தொங்குகின்றன. துளை இருக்கும் இடத்தில் பாவு நூல் எழும். இல்லாத இடத்தில் படுத்துக் கிடக்கும். தலையெழுத்து என்று நாம் சொல்வதை நிஜமாகவே தலைக்கு மேலே தொங்கவிட்டிருக்கிறார்கள். அந்தத் தறியில் புடவை குப்புறக் கிடந்தது. நெய்கிறவர் கண்ணுக்குத் தெரிவது பின்பக்கம்தான்.

அவர் நெய்வது 'கடுவா' வேலைப்பாடு. ஒவ்வொரு பூவுக்கும் தனித்தனிச் சின்னத் தார். பூ முடிகிற இடத்தில் ஜரிகையும் திரும்பிவிடும். பின்பக்கம் இழுபட்ட நூல் இருக்காது. ஒரு புடவைக்கு ஒரு மாதம் ஆகலாம், பூ நெருக்கமானால் பல மாதங்கள் ஆகலாம். அதே போன்ற பூவைப் போட விசைத்தறிக்கு ஒரு நாள்கூட வேண்டாம். 2009-இல் பனாரஸ் பட்டு புவிசார் குறியீடு பெற்றது. சூரத்தில் விசைத்தறியில் ஓடிய புடவைகள் பனாரஸ் என்ற பெயரிலேயே விலை போவது அதனால் நின்றுவிடவில்லை.

"கூலி புடவைக்குத்தான், நாளுக்கு இல்லை" என்றார் சாச்சா. "மழைக்காலத்தில் குழியில் ஈரம் ஏறும். தறி நிற்கும். அந்த நாள்களுக்கு யார் கணக்கு வைத்திருக்கிறார்கள்?" மகன் சூரத்தில் விசைத்தறி ஓட்டுகிறானாம்.

மாடியிலிருந்து விடாமல் ராட்டைச் சத்தம். சாச்சாவின் மனைவியும் மருமகளும் தார் சுற்றுகிறார்கள். இந்த நகரத்தில் தறியில் உட்காருவது ஆண்கள். நூலைப் பிரிப்பது, சுற்றுவது, நெய்த துணியில் பிசிறு வெட்டுவதெல்லாம் பெரும்பாலும் வீட்டுப் பெண்கள். இந்தப் புடவைக் கூலியில் அவர்கள் பங்கு எவ்வளவு என்று கேட்டேன். சாச்சாவுக்குக் கேள்வியே புரியவில்லை. "அது வீட்டு வேலைதானே?" உதங்கன் பார்த்த தறியில் பெண்கள் இருந்தார்கள். மதன்புராவில் அவர்கள் கணக்குக்குள்ளேயே வரவில்லை.

காசி தெய்வமாக ஏற்றுக்கொண்ட நெசவாளி ஒருவர் உண்டு: கபீர். லஹர்தாரா குளத்தில் கிடந்த குழந்தையை எடுத்து வளர்த்தவர்கள் நீரு, நீமா என்ற முஸ்லிம் நெசவுத் தம்பதி என்கிறது கதை. குளம் இன்று சுருங்கிக் கிடக்கிறது. கபீர் சௌரா மடம் மட்டும் பளிச்சென்று இருக்கிறது. காசியில் செத்தால் மோட்சம், மகஹரில் செத்தால் கழுதைப் பிறவி என்று ஊரே நம்பிய காலத்தில், சாவதற்கென்றே காசியை விட்டு மகஹருக்குப் போனவர் அவர்.

நானும் போனேன். காசிக்கு வடக்கே, சுமார் 200 கிலோமீட்டர், கோரக்பூருக்குப் பக்கத்தில், ஆமி நதிக்கரையில். ஒரே வளாகத்தில் இந்துக்கள் கட்டிய சமாதியும் முஸ்லிம்கள் கட்டிய மஜாரும். உடலுக்காகச் சண்டையிட்டவர்கள் போர்வையை விலக்கியபோது பூக்கள்தான் கிடந்தன என்று சொல்லிக்கொண்டே இருந்தார், கூட வந்த ஒரு பெரியவர். என் மணிக்கட்டுக் கறுப்புக் கயிற்றைப் பார்த்துவிட்டு, "இங்கே இது எதற்கு?" என்றார். என்னிடம் பதில் இல்லை. அவிழ்க்கவும் மனம் வரவில்லை.

மூன்று நாள் கழித்து ரயிலுக்குப் போகும் வழியில் மறுபடி மதன்புராவில் இறங்கினேன். சாச்சா தொழுகைக்குப் போயிருந்தார். தறியில் புடவை நாலு விரற்கடை வளர்ந்திருந்தது. மாடியில் ராட்டை ஓடிக்கொண்டிருந்தது.