காட்டிக் கொடுத்த அம்பு

கணினித் திரையில் நகரும் அந்தச் சின்ன வெள்ளை அம்புக்கு ஒருநாள் நான் பயப்படுவேன் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

6 ஆண்டுகள் தமிழ்ப்பள்ளியில் படித்தவன் நான். பிறகு புகுமுக வகுப்பு, அதன்பின் தேசிய இடைநிலைப்பள்ளி. அங்கே வாய் திறந்தால் மலாய் தடுமாறும். அதனால் வாய் திறப்பதையே குறைத்துக் கொண்டேன். பல்கலைக்கழக முதலாண்டில் தப்ப வழியில்லை. 15 நிமிடப் படைப்பு. அதுவும் ஆங்கிலத்தில்!

மனப்பாடம் செய்தது எல்லாம் முன்னே நின்றதும் மறந்துபோனது. திரையைப் பார்த்து வாசித்தேன். கை மவுஸை விடவில்லை. வாசித்த ஒவ்வொரு சொல்லுக்குக் கீழும் அம்பு ஓடியது. ஒரு சொல்லில் நாக்கு தடுக்கியபோது அம்பும் அங்கேயே நின்று நடுங்கியது. பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

வெளியே வந்ததும் மூத்த மாணவி ஓர் அக்கா சொன்னார்: “தம்பி, உன் இங்கிலீஷ் பரவாயில்ல. ஆனா யாரும் கேக்கல. ஈ மாதிரி சுத்துன அம்பத்தான் பாத்துக்கிட்டு இருந்தோம்.”

ஈ என்றது பொருத்தம்தான். 1968-இல் சான் பிரான்சிஸ்கோவில் மவுஸைப் பொதுமேடையில் இயக்கிக் காட்டிய டக்ளஸ் எங்கல்பர்ட்டின் குழுவினர், திரையில் நகர்ந்த குறியைப் ‘பூச்சி’ என்றே அழைத்தார்களாம்.

அக்காவே வழியும் சொல்லிக் கொடுத்தார். பவர்பாயிண்ட் படைப்பு ஓடும்போது கண்ட்ரோல் விசையோடு ‘எச்’ அழுத்தினால் அம்பு மறைந்துவிடும். ‘ஏ’ அழுத்தினால் திரும்ப வரும். மற்ற மென்பொருள்களைத் திரைப்பகிர்வில் காட்டும்போது இந்த விசைகள் உதவா. அம்பை ஓரத்தில் ஒதுக்கிவிட்டு மவுஸிலிருந்து கையை எடுத்துவிட வேண்டும்.

அடுத்த படைப்பில் அம்பை மறைத்தேன். முதலில் கையை எங்கே வைப்பது என்றே தெரியவில்லை. பிடித்துக்கொள்ள எதுவும் இல்லாததால் எதிரே இருந்த முகங்களைப் பார்த்தேன். விரிவுரையாளர் தலையசைத்தார். தடுமாற்றம் போகவில்லை, ஆனால் அது திரையில் ஓடவில்லை.

ஏன் அம்பை அப்படி ஓட்டினேன் என்று பிறகு யோசித்தேன். முதலாம் ஆண்டில் எங்கள் ஆசிரியை, எழுத்துக்குக் கீழே விரல் வைத்து வாசிக்கச் சொல்வார். அந்த விரல்தான் இந்த அம்பு! கேட்பவருக்காக அல்ல, விழுந்துவிடாமல் இருக்க நான் பிடித்த பிடி அது.

சென்ற ஆண்டு தமிழ்ப்பள்ளி மாணவர்களுக்கு இயங்கலையில் வாசிப்பு வகுப்பு நடத்தினேன். பழக்க தோஷம், அம்பை மறைத்துவிட்டுக் கதையை வாசித்தேன். ஒரு சிறுவனின் குரல் வந்தது: “அண்ணே, எங்க படிக்கிறீங்க?”

கண்ட்ரோல், ‘ஏ’. அம்பு வந்தது. எழுத்தெழுத்தாக அதை மெல்ல நகர்த்தினேன். அவன் குரல் அதன் பின்னாலேயே வந்தது. இம்முறை என் கை நடுங்கவில்லை.

நண்பர்களே, அடுத்த படைப்புக்கு முன் ஒரு கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள்: இந்த அம்பு அவர்களுக்கா, எனக்கா? எனக்கு என்றால் மறைத்துவிட்டு, தலை நிமிர்ந்து பேசுங்கள்.