அக்காவின் சம்பளம்

1974 தீபாவளிக்கு வந்த ‘அவள் ஒரு தொடர்கதை’யை என் வயதுக்காரர்கள் மறந்திருக்க மாட்டார்கள். பாலசந்தர் இயக்கிய கறுப்பு வெள்ளைப் படம்; சுஜாதாவுக்குத் தமிழில் முதல் படம். அவர் நடித்த கவிதாவின் சம்பளத்தில்தான் தாய், குடிகார அண்ணன், அவன் மனைவி மக்கள், விதவைத் தங்கை எல்லோரும் சாப்பிட வேண்டும். தன்னை விரும்பியவன் மனம் அந்தத் தங்கை பக்கம் சாய்ந்ததும், அவளுக்கே அவனைக் கட்டிவைக்கிறாள்.

சென்ற மாதம் பேரன் ஒரு ஜப்பானிய மௌனப் படத்தைக் கணினியில் போட்டுக் காட்டினான். ஓசு 1933இல் எடுத்த ‘டோக்கியோப் பெண்’. முக்கால் மணி நேரம்தான். அடியில் பிரெஞ்சு எழுத்துகள் ஓடின. புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவனுக்குச் சிரமமில்லை. அக்கா பகலில் தட்டச்சர். தம்பியின் படிப்புக்காக, இரவில் ஊர் ஏசும் தொழிலும் செய்கிறாள். தெரிந்ததும் தம்பி அவளை அறைகிறான். பிறகு உயிரை விடுகிறான்.

அவனுக்காவது பணம் வந்த வழி தெரியாது. கவிதாவின் வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

நான் பெரம்பலூரிலும் அரியலூரிலும் குமாஸ்தாவாக இருந்தபோது, கருணை அடிப்படை நியமனக் கோப்புகள் என் மேசைக்கு வரும். பணியிலிருக்கும் ஊழியர் இறந்தால் வாரிசு ஒருவருக்கு வேலை. மகள் என்றால், அந்நாளில் மணமாகாதவளாக இருக்க வேண்டும். மற்ற வாரிசுகள் ‘ஆட்சேபணை இல்லை’ என்று கையெழுத்திடுவார்கள்.

அப்படி வந்த ஒரு பெண்ணுக்கு இரண்டு தங்கைகள். 2001இல் அரியலூர் தனி மாவட்டமானது. 2002இல் மீண்டும் பெரம்பலூரோடு சேர்ந்தது. 2007இல் மறுபடி பிரிந்தது. அத்தனை மாறியும் அந்தப் பெண்ணின் நிலை மாறவில்லை. சேமநல நிதி முன்பண விண்ணப்பத்தில் இரண்டு முறை ‘தங்கை திருமணம்’ என்று காரணம் எழுதினாள். மூன்றாவது அவள் திருமணத்துக்காக இருக்கும் என்று நாங்கள் எதிர்பார்த்தோம். அம்மாவின் அறுவை சிகிச்சைக்கு என்று வந்தது.

பிரெஞ்சில் கடமைக்கும் வீட்டுப்பாடத்துக்கும் ஒரே சொல்தான். வீட்டுப்பாடத்தை எழுதி முடித்தால் அன்றைக்கு விளையாடப் போகலாம். நியமனக் கோப்பிலோ, எத்தனை வருடம் சுமக்க வேண்டும் என்று எழுத ஓர் இடமும் கிடையாது. அதை வீட்டார்தான் சொல்ல வேண்டும், பெரும்பாலும் சொல்வதில்லை.

உங்கள் வீட்டிலும் அப்படியோர் அக்கா இருக்கலாம். அவரைத் தியாகி என்று புகழ்வதற்கு முன், அவருடைய மருந்துச் செலவை யார் ஏற்பது என்று தம்பி தங்கைகள் உட்கார்ந்து பேசுங்கள்.