மோர்பாத் கோவில் கணக்கு

இங்கிலாந்தின் தென்மேற்கே டெவன் என்றொரு மாவட்டம் உண்டு. அதன் வடபகுதியில், எக்ஸ்மூர் என்னும் புதர்க்காட்டு மேட்டுநிலம் சரிந்து இறங்கும் விளிம்பில், மோர்பாத் என்னும் சிற்றூர் அமைந்திருக்கிறது. குன்றுகள், மேய்ச்சல் நிலங்கள், புனித ஜார்ஜியார் பெயரால் ஒரு கோவில். ஒரு காலத்தில் அவ்வழியே புகைவண்டி ஓடியது. 1966-இல் அந்தப் பாதையும் மூடப்பட்டது. அவ்வூரை நாடிச் செல்லப் பெருங்காரணம் ஏதும் இல்லை என்றே சொல்லிவிடலாம், அந்தக் கோவிலின் கணக்கேடு ஒன்று மட்டும் இல்லாதிருந்தால்.

கணக்கேடு என்றவுடன் வாசகர்கள் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டா. பதினாறாம் நூற்றாண்டில் மோர்பாத் பங்கில் இருந்தவை 33 குடும்பங்களே. 1520-இல் கிறிஸ்டோபர் ட்ரிக்கி என்னும் குரு அங்குப் பங்குத்தந்தையாக வந்தார். 1574-இல் இறக்கும்வரை, 54 ஆண்டுகள், அவர் அவ்விடம் விட்டு அகலவில்லை. கோவிலின் வரவு செலவைப் பங்குமக்கள் தேர்ந்தெடுத்த பொறுப்பாளர்கள் கவனித்தார்கள். அதை ஏட்டில் எழுதி, கூடியிருந்த மக்களுக்கு உரக்கப் படித்துக் காட்டியவர் குருவானவர். ஆகவே அந்த ஏடு எண்களின் அடுக்காக இல்லை, பேசுகிறது. கொடுத்தவருக்கு நன்றி சொல்கிறது, தாமதித்தவருக்கு நினைவூட்டுகிறது, இறந்தவருக்காக மன்றாடக் கேட்கிறது. 1904-இல் அது அச்சேறியது. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கத்தோலிக்க வரலாற்றறிஞர் ஏமன் டஃபி அதை ஆராய்ந்து, 2001-இல் ‘மோர்பாத்தின் குரல்கள்’ என்ற நூலை வெளியிட்ட பிறகே அச்சிற்றூர் உலகறிந்ததாயிற்று.

அந்தக் கணக்கில் நம்மை முதலில் ஈர்த்தவை ஆடுகள். அன்னை மரியாளுக்கு ஆடுகள் இருந்தன. பிற புனிதர்களுக்கும் இருந்தன. கோவிலுக்கென்று தனிப் பட்டி கிடையாது. ஒவ்வொரு குடியானவரும் தம் மந்தையோடு சேர்த்துப் புனிதர்களின் ஆடுகள் ஒன்றிரண்டை மேய்த்து வந்தார். கம்பளியை விற்றுவந்த பணத்தில் அந்தந்தப் புனிதரின் சுரூபத்தின் முன் மெழுகுதிரி எரிந்தது. எந்த ஆடு எவர் வீட்டில் நிற்கிறது, எது செத்தது, எது குட்டி போட்டது என்றெல்லாம் குருவானவர் எழுதி வைத்திருக்கிறார். ஒருவர் தேனீக் கூட்டத்தைக் காணிக்கையாக விட்டுச்சென்ற செய்தியும் உண்டு. இளைஞர்களுக்கு ஒரு நிதி, கன்னிப்பெண்களுக்கு ஒரு நிதி. இரு சாராரும் தத்தம் பொறுப்பாளர்களைத் தாமே அமர்த்திக்கொண்டார்கள். கோவிலின் தலைமைப் பொறுப்பு வீட்டு முறைப்படி சுற்றி வந்தது. வீட்டுத் தலைவி கைம்பெண்ணாயின் அவளே அப்பொறுப்பை ஏற்றாள். பெண் என்பதற்காக முறை தாண்டிப் போகவில்லை. ஆண்டுதோறும் பார்லி மது காய்ச்சி ஊர் விருந்து நடத்தி, அதன் ஆதாயத்தைக் கோவிலுக்கு வரவு வைத்தார்கள். மது விற்றுக் கோவில் நடத்துவதா என்று நம்மவர் சிலர் புருவத்தை உயர்த்தலாம். அது அந்நாட்டு வழக்கம்.

எக்செட்டர் நகரத்தின் மறைச்சாட்சியான புனித சிட்வெல் அம்மாளின் சுரூபத்தை இவ்வூருக்குக் கொண்டுவந்தவர் ட்ரிக்கி அடிகளாரே. மக்கள் அந்தப் புனிதையைத் தங்கள் வீட்டுப் பெண்ணாக்கிக் கொண்டார்கள். காணிக்கையாக வந்த வெள்ளியைக் கொண்டு சுரூபத்திற்கு ஒரு வெள்ளிக் காலணி செய்தார்கள். 1534-இல் திருடன் ஒருவன் இரவில் ஏணி வைத்து ஏறி அந்தக் காலணியையும் பூசைக் கிண்ணத்தையும் கொண்டுபோய்விட்டான். உடனே ஊரின் இளைஞர்களும் கன்னிப்பெண்களும் ஒன்றுகூடி, பங்கின் பணத்தில் ஒரு காசும் எடுக்காமல், தாங்களே சேர்த்துப் புதிய கிண்ணம் வாங்கிக் கொடுத்தார்கள். இதை எழுதும்போது அடிகளாரின் பேனாவில் பெருமிதம் வழிவதை இன்றும் காணலாம்.

எல்லாம் இணக்கமாகவே நடந்தது என்றும் எண்ண வேண்டா. கோயில்பிள்ளைக்குச் சம்பளம் யார் எவ்வளவு தருவது என்பதில் 1530-களில் ஊரே இரண்டுபட்டது. பங்கு வாழ்க்கையை அறிந்தவர்களுக்கு இது புதுமையாகத் தோன்றாது. நாமும் ஒரு பங்கின் கணக்கைச் சில காலம் எழுதியவர்கள். ‘சில்லறைச் செலவு’ என்ற ஒரு சொல்லுக்குள் எத்தனை மனத்தாங்கல்கள் அடங்கிக் கிடக்கும் என்பதை அறிவோம்.

அடிகளாருக்கு நெஞ்சில் ஓர் ஆசை இருந்தது. இறந்தோர் பூசைக்கு அணிய நல்ல கறுப்புத் திருவுடை ஒன்று வேண்டும். ஏழைப் பங்கு, ஆகவே தமக்கு வரவேண்டிய தசமபாகத்தில் ஒரு சிறு பகுதியை விட்டுக்கொடுத்து, ஆண்டுக்காண்டு சிறுகச் சிறுகச் சேர்த்தார். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கழிந்தன. 1547-இல் திருவுடை வந்து சேர்ந்தது. அதே ஆண்டில் எட்டாம் ஹென்றி அரசர் இறந்தார். சிறுவனான ஆறாம் எட்வர்ட் அரியணை ஏறினார். அடுத்த இரண்டே ஆண்டுகளில், அந்த உடை எதற்காக வாங்கப்பட்டதோ அந்த இறந்தோர் பூசையே நாட்டில் சட்டப்படி இல்லாமற்போயிற்று.

இடி முதலில் விழுந்தது 1538-இல். சுரூபங்களின் முன் விளக்கெரிப்பதை அரசரின் ஆணை தடை செய்தது. விளக்கு அணைந்தபின் விளக்குக்கான நிதி எதற்கு? இளைஞரின் நிதியும் கன்னிப்பெண்களின் நிதியும் மங்கி மறைந்தன. எட்வர்டின் ஆட்சியில் சுரூபங்கள் அகற்றப்பட்டன. ஊர் விருந்து தடைப்பட்டது. 1548-இல் கோவிலின் ஆடுகள் விற்கப்பட்டன. சுரூபங்கள் போனதையே பலரும் பேரிழப்பாகக் கூறுவர். நமக்கோ ஆடுகள் போனதுதான் அதினும் கொடிதாகப் படுகிறது. சுரூபத்தை எவர் வீட்டிலாவது ஒளித்து வைக்கலாம். பொறுப்பை முறைவைத்துச் சுமந்த பழக்கம், மரியாளின் ஆட்டைத் தன் ஆட்டோடு ஓட்டிச்சென்ற சிறுவனின் நினைவு, இவற்றை எந்தப் பரணில் ஒளிப்பது? புதிய ஆணைகளுக்கேற்ப நூல்கள் வாங்க வேண்டும், பழையன இடிக்கக் கூலி தரவேண்டும், வரவோ இல்லை. கணக்கு கடனில் விழுகிறது. நன்றி சொல்லிப் பழகிய அந்தக் குரல் இப்பக்கங்களில் தளர்ந்து ஒலிக்கிறது.

1549-ஆம் ஆண்டு பெந்தகோஸ்து ஞாயிறன்று புதிய ஆங்கில வழிபாட்டு நூல் நாடெங்கும் நடைமுறைக்கு வந்தது. மறுநாளே டெவனில் சாம்ப்ஃபர்ட் கோர்ட்டினே என்னும் ஊர் மக்கள் பழைய பூசையே வேண்டுமென்று தங்கள் குருவை வற்புறுத்தினார்கள். அந்தப் பொறி தீயாகிப் பரவிற்று. டெவன், கார்ன்வால் மக்கள் திரண்டு எக்செட்டர் நகரை முற்றுகையிட்டார்கள். மோர்பாத்தின் கணக்கில் இவ்வாண்டுக்கு ஒரு செலவு பதிவாகியிருக்கிறது. எக்செட்டருக்கு வெளியே புனித டேவிட் மேட்டிலிருந்த பாசறைக்குச் சென்ற ஐந்து பேருக்கு வழிச்செலவு. வாளுக்கும் வில்லுக்கும் இவ்வளவு. அது கிளர்ச்சியாளர்களின் பாசறை என்பதை டஃபி எடுத்துக்காட்டினார். அரசனுக்கெதிரான போருக்கு ஆள் அனுப்பிய செலவை, மெழுகுதிரிச் செலவை எழுதுவது போலவே எழுதி வைத்த எளிமையை என்னவென்பது! 33 குடும்பங்களில் ஐந்து ஆண்மக்கள். ஆகஸ்ட் மாதத்தில் அரசுப்படை கிளர்ச்சியை நசுக்கியது, ஆயிரக்கணக்கானோர் மாண்டார்கள். எக்செட்டரை அடுத்த புனித தோமையார் கோவிலின் பங்குக்குருவைப் பூசை உடுப்போடு அவருடைய கோவில் கோபுரத்திலேயே தூக்கிலிட்டார்கள். மோர்பாத்திலிருந்து சென்ற ஐவரில் சிலருடைய பெயரை அதன்பின் ஏட்டில் காணோம். ட்ரிக்கி அடிகளார் எப்படியோ தப்பினார்.

1553-இல் மேரி அரசியார் ஆட்சிக்கு வந்ததும் பழைய வழிபாடு மீண்டது. அப்போது வீடுகளின் கதவுகள் திறந்தன. ஒருவர் மரியாளின் சுரூபத்தையும், புனித ஜார்ஜியார் வரலாற்றில் வரும் அரசன் அரசி உருவங்களையும் கொண்டுவந்தார். வேறு சிலர் பூசை நூல்களை, கொடிகளைத் தந்தனர். யார் யார் எதைக் காத்தனர் என்பதை அடிகளார் பெயர் சொல்லிப் படித்திருக்கிறார். அந்த மகிழ்ச்சிக்கு ஐந்தாண்டே ஆயுள். 1558-இல் எலிசபெத் அரசியானார். சட்டம் மீண்டும் மாறியது. அடிகளார் மாறிய வழிபாட்டையே நடத்திக்கொண்டு, மேலும் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் அங்கேயே இருந்தார்.

இவரை நாம் எவ்வாறு மதிப்பது? இதே டெவனில் பிறந்த குரு கத்பர்ட் மெய்ன், விசுவாசத்திற்காக 1577-இல் லான்செஸ்டனில் கொல்லப்பட்டார். 1970-இல் திருத்தந்தை ஆறாம் பவுல் அவரை நாற்பது மறைச்சாட்சியருள் ஒருவராகப் புனிதர் நிலைக்கு உயர்த்தினார். அந்த ஒளியின் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் மோர்பாத்தின் குரு மங்கலாகத்தான் தெரிவார். கோழை என்று சொல்வோரும் உண்டு. அச்சொல்லை நம்மால் ஏற்க இயலவில்லை. அவர் போயிருந்தால் அந்த 33 வீட்டாரின் பிள்ளைகளுக்குத் திருமுழுக்குக் கொடுத்து, முதியவர்களை அடக்கம் செய்ய வந்திருப்பவர் அவர்களைப் பெயர் சொல்லி அறியாத ஒருவராக இருந்திருப்பார். ஆனால் அவர் இருந்ததனாலேயே அம்மக்கள் ஓசையின்றிப் பழைய நெறியை விட்டு விலகிப்போக வழி ஏற்பட்டது என்பதும் உண்மையே. இவ்விரண்டையும் ஒருசேர மனத்தில் வைத்துக்கொண்டுதான் அந்த ஏட்டைப் படிக்க வேண்டியிருக்கிறது.

1574-ஆம் ஆண்டு மே மாதத்தில் அவர் இறந்தார். சிட்வெல் அம்மாளின் காலணியைப் பற்றி எழுதிய அதே கைதான், பீடம் இருந்த இடத்துக்கு வாங்கிய மேசையின் விலையையும் அதே ஏட்டில் எழுதியிருக்கிறது.